ஆக்சிஜன் மெஷினில் மாட்டும் தண்ணீர் பாட்டில்: வாங்கலாமா, எதை வாங்கலாம்?

வீட்டில் ஆக்சிஜன் கான்சன்ட்ரேட்டர், அதாவது அறைக் காற்றிலிருந்து ஆக்சிஜனைப் பிரித்துத் தருகிற மெஷின், ஓடுகிறவர்களுக்காக எழுதுகிறேன். மெஷினைப் பற்றி இல்லை, ஆக்சிஜனை ஈரமாக்க அதன் முன்னால் மாட்டுகிற ஹியூமிடிஃபையர் பாட்டிலைப் பற்றி. மெஷின்களுக்கு ரிவ்யூ கொட்டிக் கிடக்கிறது. இந்த பாட்டிலுக்கு ‘நல்ல பொருள், சீக்கிரம் வந்துவிட்டது’ என்பதைத் தாண்டி யாரும் உருப்படியாக எழுதி நான் பார்க்கவில்லை. ஆனால் ராத்திரி முழுக்க ஒருவர் மூக்கு டியூப்பைக் கழற்றாமல் தூங்குவாரா மாட்டாரா என்பதில் இந்த பாட்டிலுக்கும் அதில் ஊற்றும் தண்ணீருக்கும் பங்கு இருக்கிறது. அதனால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

எங்கள் வீடு கோயம்புத்தூர். அம்மாவுக்கு சிஓபிடி, மூச்சுக் குழாய் சுருங்கி நாள்பட இருக்கும் நுரையீரல் நோய். சிகரெட்டை வாழ்க்கையில் தொட்டதில்லை, காலம் முழுக்க விறகடுப்புப் புகையில் சமைத்தவர். நெஞ்சு டாக்டர் நிமிடத்துக்கு 2 லிட்டர் ஃப்ளோ, ஒரு நாளைக்குக் குறைந்தது 15 மணி நேரம், தூக்கத்தில் கட்டாயம் என்று எழுதிக் கொடுத்தார். இந்த 15 மணி நேரம் சும்மா சொல்கிற கணக்கு இல்லை. 1980, 81-ல் அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் வெளியான இரண்டு ஆய்வுகள், ரத்தத்தில் ஆக்சிஜன் ரொம்பக் குறைந்துபோன சிஓபிடி நோயாளிகள் இப்படி நீண்ட நேரம் ஆக்சிஜன் எடுத்தால் ஆயுள் கூடுகிறது என்று காட்டின. அதாவது மணிக்கணக்குதான் மருந்து. அம்மா என்ன செய்தார் என்றால், ராத்திரி ஒரு மணி, இரண்டு மணிக்கு டியூப்பைக் கழற்றித் தலையணைக்குக் கீழே வைத்துவிடுவார். கேட்டால், “மூக்குக்குள்ள மொளகாப்பொடி போட்டாப்ல எரியுது கண்ணு” என்பார். காலையில் மூக்கைச் சிந்தினால் ரத்தம் கலந்த பொருக்கு வரும். மாசி, பங்குனியில் இந்த ஊரில் காற்றே வறண்டு கிடக்கும், ஏசி போட்டால் இன்னும் மோசம்.

அந்த எரிச்சலுக்குக் காரணம் மெஷின் வேலை செய்கிற விதம்தான். அறைக் காற்றை இழுத்து, அழுத்தம் கொடுத்து, ஜியோலைட் என்கிற கனிம மணிகள் நிரப்பிய உருளைக்குள் அனுப்புகிறது. நைட்ரஜன் அந்த மணிகளில் ஒட்டிக்கொள்ள, 90 முதல் 96 சதவீதம் வரை ஆக்சிஜன் வெளியே வருகிறது. ஜியோலைட் ஈரத்தையும் விட்டுவைப்பதில்லை, அதையும் பிடித்துக்கொள்ளும். அதனால் சென்னை மாதிரி புழுங்கித் தள்ளுகிற ஊரில் ஓட்டினாலும் டியூப்பில் வருவது வறண்ட வாயுதான்.

இதற்குத் தீர்வாகத்தான் பாட்டில். மெஷினிலிருந்து வரும் ஆக்சிஜன் ஒரு தண்டு வழியாகத் தண்ணீருக்கு அடியில் போய், நுனியில் இருக்கும் சின்னச் சல்லடை வழியே குமிழி குமிழியாக மேலே வந்து, ஈரத்தை வாங்கிக்கொண்டு மூக்கு டியூப்புக்குப் போகிறது. சூடாக்கும் வேலை எதுவும் இல்லை, அறைச் சூட்டில் எவ்வளவு ஈரம் ஏறுமோ அவ்வளவுதான். மூக்கும் தொண்டையும் காற்றை உடம்புச் சூட்டுக்குக் கொண்டுவந்து ஏற்றுகிற ஈரத்தோடு ஒப்பிட்டால் இது பாதிகூட வராது. ஆகவே அதிசயம் நடக்கும் என்று எதிர்பார்த்து வாங்காதீர்கள். எரிச்சல் குறையும், அடியோடு போகாது.

இன்னொரு விஷயத்தையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். எல்லோருக்கும் இந்த பாட்டில் தேவையே இல்லை. மூச்சை உள்ளே இழுக்கும் நேரத்தில் காற்று நிமிடத்துக்கு 30 லிட்டர் வேகத்தில் உள்ளே போகிறது. அதில் 1 லிட்டர், 2 லிட்டர் என்பது சின்னப் பங்கு. மீதி எல்லாம் அறைக் காற்று, அதை மூக்கே ஈரமாக்கிக்கொள்ளும். அதனால்தான் 4 லிட்டர் வரைக்கும் வழக்கமாக ஈரப்படுத்தத் தேவையில்லை என்று அமெரிக்க சுவாச சிகிச்சையாளர்களின் வழிகாட்டி சொல்கிறது. பிரிட்டனின் நுரையீரல் மருத்துவ அமைப்பான பிரிட்டிஷ் தொராசிக் சொசைட்டி 2017-ல் வெளியிட்ட வழிகாட்டி இன்னும் கறார்: குமிழி பாட்டிலால் பெரிய பலன் இருப்பதற்குத் தெளிவான ஆதாரம் இல்லை, தொற்று அபாயம் இருக்கிறது, பயன்படுத்த வேண்டாம் என்கிறது. அது மருத்துவமனைச் சிகிச்சைக்காக எழுதப்பட்டது என்றாலும் அந்தத் தொற்று பற்றிய எச்சரிக்கை நம் வீட்டுக்கும் அப்படியே பொருந்தும். எங்கள் டாக்டரும் முதலில் பாட்டிலை எழுதவில்லை. “2 லிட்டருக்கு வேண்டியதில்லைங்க, சலைன் ஸ்ப்ரே போட்டுப் பாருங்க. அதுக்கும் எரிஞ்சா பாட்டில் வெக்கலாம்” என்றார். சலைன் ஸ்ப்ரேயும் (மூக்கில் அடிக்கிற உப்புத் தண்ணீர்) தண்ணீர் சார்ந்த மூக்கு ஜெல்லும் பகலில் நன்றாகவே உதவின. ராத்திரி நீண்ட நேரத்துக்குத்தான் போதவில்லை. அப்புறம்தான் பாட்டிலுக்கு வந்தோம். நீங்களும் இதே வரிசையில் போங்கள் என்பதுதான் என் யோசனை, ஏனென்றால் ஸ்ப்ரேயைக் கழுவ வேண்டியதில்லை, பாட்டிலைத் தினமும் கழுவ வேண்டும்.

தொண்டையில் ஓட்டை போட்டு மூச்சு விடுகிறவர்கள், அதாவது ட்ரக்கியோஸ்டமி உள்ளவர்கள், இந்தக் கணக்கில் வர மாட்டார்கள். அவர்களுக்கு மூக்கின் வேலையே நடப்பதில்லை, ஈரம் கட்டாயம் வேண்டும். அதற்கு என்ன கருவி என்பதை டாக்டர்தான் முடிவு செய்ய வேண்டும், இந்த ரிவ்யூவை வைத்து எதையும் வாங்க வேண்டாம்.

சரி, பாட்டிலுக்கு வருவோம். மெஷினோடு வந்த பாட்டில் ஒன்று, ஊரில் சர்ஜிக்கல்ஸ் கடையில் வாங்கிய மலிவு பாட்டில் ஒன்று, கொஞ்சம் விலை கூடிய இன்னொன்று என்று மூன்றையும் வைத்துப் பார்த்தாயிற்று. வெளியிலிருந்து பார்த்தால் மூன்றும் ஒன்று போலத்தான் இருக்கும். வித்தியாசம் எல்லாம் மூடியில் இருக்கிறது.

அந்த மலிவு பாட்டிலில் மூடியின் மரை சரியாக உட்காரவில்லை. திருகினால் இறுகின மாதிரிதான் தெரியும். குமிழியும் ஜோராக வரும். ஃப்ளோ மீட்டரில் குண்டு 2-ல் நிற்கும். ஆனால் விரலில் மாட்டி ரத்த ஆக்சிஜனைப் பார்க்கிற ஆக்சிமீட்டரில் அம்மாவுக்கு வழக்கமாக இருக்கும் 91, 92 சதவீதம் வராமல் 87-லேயே நின்றது. காரணம் என்னவென்றால், ஆக்சிஜன் தண்ணீரைத் தாண்டி மேலே வந்த பிறகு மூடி இடுக்கு வழியாக வெளியே போய்க்கொண்டிருந்தது. குமிழி வந்தாலே மூக்குக்கு வந்துவிட்டது என்று அர்த்தம் இல்லை. இதைத் தயவுசெய்து மனதில் வைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் நம் வீடுகளில் எல்லோரும் குமிழியைப் பார்த்துவிட்டுத்தான் “நல்லா வருதுங்க” என்று சொல்லிவிட்டுப் போகிறோம்.

கண்டுபிடிக்க எளிய வழி இருக்கிறது. பாட்டிலை மாட்டி மெஷினை ஓடவிட்டு, மூக்கில் வைக்கிற இரண்டு முனையையும் ஒரு டம்ளர் சுத்தமான தண்ணீரில் லேசாக முக்கிப் பாருங்கள், அங்கே குமிழி வர வேண்டும். அப்புறம் டியூப்பை நன்றாக மடித்து விரலால் அழுத்துங்கள். நல்ல பாட்டிலாக இருந்தால் சில நொடியில் மூடியில் இருக்கும் சேஃப்டி வால்வு திறந்து ‘கீ...’ என்று விசில் அடிக்கும். விசில் வரவில்லை என்றால் ஒன்று எங்கேயோ கசிகிறது, இல்லை வால்வே சரியில்லை. இரண்டில் எது என்றாலும் அந்த பாட்டில் வேண்டாம். கடையிலேயே ஒரு மெஷினில் மாட்டிக் காட்டச் சொல்லுங்கள், கொஞ்சம் பெரிய கடைகளில் டெமோ மெஷின் வைத்திருப்பார்கள். நான் வாங்கின இடத்தில் மாற்றித் தர மறுத்துவிட்டார்கள், “எல்லாம் ஒரே கம்பெனி சரக்குதான்” என்று பதில். மூச்சு விஷயத்தில் இப்படி ஒரு பதிலைச் சொல்ல எப்படி மனசு வருகிறது என்று எனக்குப் புரியவில்லை.

விலை கூடின பாட்டில் அப்படி இல்லை. மரை ஒரே சுற்றில் பிடிக்கிறது, மூடிக்குள் ரப்பர் வளையம் இருக்கிறது, பிளாஸ்டிக் தெளிவாக இருப்பதால் அழுக்கு படிந்தால் உடனே தெரிகிறது. குறைந்தபட்சக் கோடும் அதிகபட்சக் கோடும் அழியாமல் அச்சிட்டிருக்கிறார்கள். விசில் பிரமாதம். அம்மா தூக்கத்தில் புரண்டு டியூப் மேல் படுத்துவிட்டால் அடுத்த அறையில் இருக்கும் எனக்குக் கேட்கிறது. இந்த ஒரு காரணத்துக்காகவே கூடக் கொடுத்த காசு தகும். ஒரு வேளைச் சாப்பாட்டுக் காசுதான் இரண்டுக்கும் வித்தியாசம்.

பிலிப்ஸ் எவர்ஃப்ளோ மாதிரி மெஷின் வைத்திருப்பவர்களுக்கு ஒரு குறிப்பு. பாட்டிலை வைக்க முன்பக்கம் இடமும் கட்டுவதற்கு ஒட்டுப் பட்டையும் இருக்கும். ஆனால் மெஷினின் வாயையும் பாட்டிலையும் இணைக்க ஒரு குட்டைக் குழாய் வேண்டும். அது பின்பக்க ஃபில்டர் கதவுக்குள்ளேயே வைத்திருக்கும், தெரியாமல் பலர் கடையில் தனியாகக் காசு கொடுத்து வாங்குகிறார்கள்.

இனி தண்ணீர். இதில்தான் எனக்குக் கவலை அதிகம்.

டிஸ்டில்டு வாட்டர் அல்லது ஸ்டெரைல் வாட்டர், இது இரண்டுதான். பக்கத்து வீட்டு அக்கா, “சிறுவாணித் தண்ணி, தேனாட்டம் இருக்கும், அதையே ஊத்து” என்றார். குடிப்பதற்கு அந்தத் தண்ணீரை அடித்துக்கொள்ள வேறில்லைதான். ஆனால் குழாயில் வரும் எந்தத் தண்ணீரிலும் கொஞ்சம் உப்பும் கொஞ்சம் கிருமியும் இருக்கும். போர் தண்ணீர் என்றால் சொல்லவே வேண்டாம், சில நாளிலேயே சல்லடை நுனியில் வெள்ளையாகப் படிந்து குமிழி ஒரு பக்கமாக வர ஆரம்பித்துவிடும். ஆர்.ஓ. தண்ணீரும் கேன் தண்ணீரும் கிருமி இல்லாதவை என்று நினைக்காதீர்கள். பெட்ரோல் பங்க்கில் விற்கிற பேட்டரி தண்ணீரையும் டிஸ்டில்டு வாட்டர் என்றுதான் சொல்வார்கள், அது வண்டிக்கு, மூச்சுக்கு இல்லை. மெடிக்கல் ஷாப்பில் ‘ஸ்டெரைல் வாட்டர் ஃபார் இரிகேஷன்’ என்று கேட்டால் 500 மில்லி பாட்டில் கிடைக்கும். பெரிய பாட்டில் மலிவாகத் தெரிந்தாலும் சின்னதையே வாங்குங்கள், திறந்த பாட்டிலை நாள் கணக்கில் வைத்திருந்தால் ஸ்டெரைல் என்று எழுதியிருப்பதற்கே அர்த்தம் இல்லாமல் போய்விடும். நடு ராத்திரி தீர்ந்துவிட்டது, கடை இல்லை என்றால் நன்றாகக் கொதிக்கவைத்து மூடி வைத்து முழுக்க ஆறவிட்ட தண்ணீரை ஊற்றிச் சமாளிக்கலாம். கொதிக்கவைத்தால் கிருமி சாகும், உப்பு போகாது, அதனால் அதை வழக்கமாக்க வேண்டாம்.

2021-ல் கொரோனா இரண்டாம் அலையில் கருப்புப் பூஞ்சை வந்து எத்தனை குடும்பங்கள் சிதைந்தன என்று நமக்குத் தெரியும். அதற்குச் சர்க்கரை, ஸ்டீராய்டு என்று பெரிய காரணங்கள் உண்டு, பாட்டில் தண்ணீர்தான் காரணம் என்று யாரும் முடிவு கட்டவில்லை. ஆனாலும் அந்த மே மாதம் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் (ஐசிஎம்ஆர்) வெளியிட்ட அறிவுரையில், ஆக்சிஜன் கொடுக்கும்போது ஹியூமிடிஃபையரில் சுத்தமான ஸ்டெரைல் தண்ணீரையே பயன்படுத்துங்கள் என்று தனியாக ஒரு வரி போட்டிருந்தார்கள். அம்மாவுக்குச் சர்க்கரையும் உண்டு. அந்த ஒரு வரியை நான் சாதாரணமாக எடுத்துக்கொள்வதில்லை.

தண்ணீர் குறையக் குறைய மேலே ஊற்றி நிரப்புகிற பழக்கம் வேண்டவே வேண்டாம். 2 லிட்டர் ஃப்ளோவில் ஒரு நாள் முழுக்க ஓடினாலும் ஐம்பது அறுபது மில்லிதான் குறையும். அதனால் பாட்டிலில் தண்ணீர் ‘இருக்கிறதே’ என்று தோன்றும், மேலாக ஊற்றத் தோன்றும். மிச்சம் கிடக்கிற பழைய தண்ணீரில்தான் வழவழப்பு பிடிக்கிறது. தினமும் பழையதைக் கொட்டி, பாத்திரம் கழுவும் சோப்பு சில சொட்டு விட்டு, வெதுவெதுப்பான தண்ணீரில் மூடி, தண்டு, சல்லடை எல்லாவற்றையும் கழுவி, சோப்பு வாசம் போக அலசி, கடைசி அலசலை ஸ்டெரைல் தண்ணீரிலேயே செய்துவிட்டுப் புதிதாக ஊற்றுகிறோம். வாரம் ஒன்றிரண்டு தடவை வெள்ளை வினிகரைத் தண்ணீரில் கலந்து அரை மணி நேரம் ஊறவைத்துக் கழுவுவது. விரலை உள்ளே விட்டு ஓரத்தைத் தடவிப் பாருங்கள், லேசாக வழுக்கினாலும் மறுபடி கழுவ வேண்டும். இரண்டு பாட்டில் வைத்துக்கொண்டால் ஒன்று மெஷினில் இருக்கும்போது இன்னொன்று கவிழ்த்து வைத்து நன்றாகக் காயும். மாற்றுகிற அந்த நேரத்துக்கும் ஆக்சிஜனை நிறுத்த வேண்டாம், மூக்கு டியூப்பை நேராக மெஷின் வாயில் மாட்டிவிடலாம்.

பாட்டிலையே எத்தனை நாளில் மாற்றுவது என்பதை அதன் கூட வரும் தாளில் பாருங்கள். பிளாஸ்டிக் மங்கினாலோ, மூடி அருகே மயிரிழை விரிசல் தெரிந்தாலோ தாளைப் பார்க்க வேண்டியதே இல்லை, தூக்கிப் போட்டுவிடலாம். தண்ணீர் நிரப்பிச் சீல் வைத்தே வருகிற, ஒரு தடவை பயன்படுத்தும் பாட்டில்களும் உண்டு. கழுவ ஆள் இல்லாத, வயதானவர்கள் மட்டும் இருக்கிற வீட்டுக்கு அது நல்லது, செலவு கூடுதல்.

பாட்டில் மாட்டியதால் வருகிற புதுத் தொல்லை ஒன்று உண்டு, டியூப்புக்குள் தண்ணீர் சேர்வது. ஏசி அறையில், குளிர்ந்த தரையில் டியூப் வளைந்து கிடந்தால் அந்த வளைவில் சொட்டுச் சொட்டாகத் தேங்கி, களக் களக் என்று சத்தம் வரும், சில சமயம் மூக்கிலேயே தெறிக்கும். அம்மா முதல் தடவை பயந்தே போய்விட்டார். அதிகபட்சக் கோட்டுக்கு மேல் ஊற்றாமல் இருப்பது, பாட்டில் படுக்கையை விடத் தாழ்வாக இருப்பது, டியூப் தரையில் கிடக்காமல் கட்டில் ஓரத்தில் போவது, ஏசி நேராக அடிக்காதது, இவற்றிலேயே பெரும்பாலும் சரியாகிவிடும். அதற்கும் கேட்கவில்லை என்றால் டியூப்பின் தாழ்வான இடத்தில் வைக்கிற சின்ன வாட்டர் ட்ராப் கிடைக்கிறது, அதை வாங்கி வைத்தால் தண்ணீர் அதில் இறங்கிவிடும். காய்ந்த மாற்று டியூப் ஒன்று கைவசம் இருப்பது அதைவிட முக்கியம். சூடு தண்ணீர் ஊற்றினால் நல்ல ஈரம் வருமே என்று சிலர் செய்கிறார்கள், வேண்டாம், டியூப்புக்குள் தேங்குவதுதான் அதிகமாகும்.

பாட்டிலுக்குள் தண்ணீரைத் தவிர எதுவும் போகக் கூடாது. துளசி போடு, நீலகிரித் தைலம் இரண்டு சொட்டு விடு, சளி இளகும் என்று உறவுக்காரர்கள் சொல்வார்கள், அக்கறையில்தான் சொல்கிறார்கள், ஆனால் கேட்காதீர்கள். அதே போல மூக்கு காய்கிறது என்று தேங்காய் எண்ணெய், விக்ஸ், வாசலின் தடவுவது நம் ஊரில் கை தானாகச் செய்கிற வேலை. ஆக்சிஜன் ஓடுகிற மூக்கில் எண்ணெய்ப் பசையோ பெட்ரோலியம் ஜெல்லியோ கூடாது, தீப்பிடித்தால் வேகமாகப் பற்றும். மூக்கில் தடவும் எண்ணெய் கொஞ்சம் கொஞ்சமாக நுரையீரலுக்குள் இறங்குவதும் நல்லதில்லை. தண்ணீர் சார்ந்த ஜெல் என்று கேட்டு வாங்குங்கள். பூஜை விளக்கு, ஊதுபத்தி, அடுப்பு எல்லாம் ஆக்சிஜன் ஓடுகிற அறைக்கு வெளியேதான்.

ஆன்லைனில் ‘ஹியூமிடிஃபையர்’ என்று தேடினால் முதலில் வருவது மேசை மேல் வைத்துப் பனி மாதிரி புகை விடுகிற கருவி. அது அறைக்கானது, மெஷினில் மாட்ட முடியாது. பெயரைப் பார்த்து ஆர்டர் போட்டுவிட வேண்டாம், ‘ஆக்சிஜன் ஹியூமிடிஃபையர் பாட்டில்’ என்று முழுசாகத் தேடுங்கள்.

இவ்வளவும் செய்து பலன் என்ன என்றால், அம்மா இப்போது விடியும்வரை டியூப்பைக் கழற்றுவதில்லை. பொருக்கு எப்போதாவது வருகிறது, ரத்தம் இல்லை. பாட்டில் சத்தம் தூக்கத்தைக் கெடுக்குமோ என்று நினைத்தேன், அம்மாவுக்கு அது பழகிவிட்டது, சத்தம் நின்றால்தான் கண்ணைத் திறக்கிறார். பகலில் ஹாலில் உட்கார்ந்திருக்கும்போது பாட்டில் இல்லாமல் நேராகவே மாட்டிவிடுகிறோம், சலைன் ஸ்ப்ரே போதுமாக இருக்கிறது. எல்லா நேரமும் பாட்டில் வேண்டும் என்று கட்டாயம் இல்லை.

எரிகிறது என்பதற்காக ஃப்ளோவை நீங்களாகக் குறைக்காதீர்கள், மூச்சு வாங்குகிறது என்று நீங்களாகக் கூட்டவும் செய்யாதீர்கள். சிஓபிடிக்காரர்களுக்கு ஆக்சிஜன் அதிகமானாலும் ஆபத்து, அதனால்தான் பெரும்பாலும் 88 முதல் 92 வரை போதும் என்று டாக்டர்கள் வைக்கிறார்கள். பாட்டில் சரியாக இருந்தும் ஆக்சிமீட்டரில் வழக்கமான அளவு வரவில்லை என்றால் பாட்டிலைக் கழற்றிவிட்டு நேராக மாட்டிப் பாருங்கள். அளவு ஏறினால் கோளாறு பாட்டிலில். ஏறாவிட்டால் மெஷினிலோ உடம்பிலோ இருக்கலாம், காத்திருக்காமல் டாக்டரைக் கூப்பிடுங்கள்.

தயாரிக்கிறவர்களிடம் ஒரே ஒரு கோரிக்கை. மூன்று பாட்டிலோடும் வந்த தாள் ஆங்கிலத்தில்தான் இருந்தது, ஒன்றில் சீன மொழியும். இங்கே ராத்திரி இந்த பாட்டிலைக் கழுவி மாட்டுகிறவர்கள் பெரும்பாலும் வீட்டுப் பெண்களும், உதவிக்கு வைத்திருக்கும் அக்காக்களும்தான். தினமும் தண்ணீர் மாற்றுங்கள், விசிலைச் சோதியுங்கள், எண்ணெய் வேண்டாம் என்று தமிழில் நாலு வரி அச்சடித்து பாட்டிலிலேயே ஒட்டி அனுப்ப என்ன செலவாகிவிடும்? அதுவரை நான் ஒரு வெள்ளைத் தாளில் எழுதி மெஷின் மேல் ஒட்டி வைத்திருக்கிறேன், நீங்களும் எழுதி ஒட்டிவிடுங்கள்.